வேடம் போடாத வாத்தியார்!

குட்டீஸ், ஒரு கேள்வி கேட்கட்டுமா?

டிவியில் நாள் முழுக்க எத்தனையோ பேர் வருகிறார்கள். ஒருவர் போலீஸ் வேடத்தில் வருவார். இன்னொருவர் ராஜா வேடத்தில் வருவார். தொடரில் கோபக்கார மாமியாராக வருபவர், வீட்டில் ரொம்பச் சாதுவாக இருப்பார். அதெல்லாம் நடிப்பு.

ஆனால், எந்த வேடமும் போடாமல், தன் சொந்தப் பெயரோடு, தன் சொந்தக் குரலோடு டிவியில் வந்து உட்கார்ந்து, தமிழ்நாட்டையே சிரிக்கவும் யோசிக்கவும் வைத்த ஒருவர் யார் தெரியுமா?

வெள்ளைச் சட்டை, கண்ணாடி, மதுரைப் பேச்சு. பொங்கல், தீபாவளி வந்தால் வடை, பாயசத்தோடு இவரும் வீட்டுக்குள் வந்துவிடுவார். கண்டுபிடித்துவிட்டீர்களா? உங்களுக்குத் தெரியாவிட்டால் அம்மாவைக் கேளுங்கள், பாட்டியைக் கேளுங்கள். 'அட, நம்ம சாலமன் பாப்பையா!' என்பார்கள்.

பல ஆண்டுகள் ஆரம்பப் பள்ளி ஆசிரியராக வேலை பார்த்தவன் நான். அவரும் ஓர் ஆசிரியர். அவரைப் பற்றி எழுதும்போது, என் வகுப்பில் நடந்த ஒரு விஷயத்தையும் சொல்லப் போகிறேன். அது நான் செய்த தப்பு. ஆசிரியர்கள் தப்பு செய்ய மாட்டார்கள் என்று நினைத்தீர்களா? செய்வார்கள்!

ஆலைத் தொழிலாளியின் பிள்ளை

சாலமன் பாப்பையா 1936-ஆம் ஆண்டு பிப்ரவரி 22-ஆம் தேதி பிறந்தார். ஊர், மதுரை மாவட்டம் திருமங்கலத்துக்குப் பக்கத்தில் உள்ள சாத்தங்குடி. அப்பா ஆலைத் தொழிலாளி. வசதியான குடும்பம் இல்லை. ஆனாலும் படிப்பை விடவில்லை. தமிழில் எம்.ஏ. பட்டம் பெற்றார். மதுரை அமெரிக்கன் கல்லூரியில் தமிழ்ப் பேராசிரியர் ஆனார். 1881-இல் தொடங்கிய பழைய கல்லூரி அது. அங்கே தமிழ்த் துறையின் தலைவராகவும் இருந்தார்.

இதில் ஒரு சின்னக் கணக்கு இருக்கிறது. சன் டிவி தொடங்கியது 1993-இல். அப்போது அவருக்கு வயது என்ன? கழித்துப் பாருங்கள். 57!

பொதுவாக ஆசிரியர்கள் வேலையிலிருந்து ஓய்வு பெறுவதை நெருங்கும் வயது அது. ஆனால், உலகம் முழுவதும் உள்ள தமிழர்களுக்கு இவர் முகம் தெரிய ஆரம்பித்ததே அதற்குப் பிறகுதான். அப்படியானால் அதற்கு முன்பு என்ன செய்துகொண்டிருந்தார்? படித்துக்கொண்டிருந்தார். வகுப்பில் பாடம் சொல்லிக்கொண்டிருந்தார். ஊர் ஊராகப் போய் மேடையில் பேசிக்கொண்டிருந்தார். டிவி அவரை உருவாக்கவில்லை. ஏற்கெனவே பழுத்திருந்த பழத்தை டிவி எடுத்து நம் கையில் கொடுத்தது, அவ்வளவுதான்!

பட்டிமன்றம் வந்த கதை

பட்டிமன்றம் என்றால் ஏதோ டிவிக்காரர்கள் கண்டுபிடித்தது என்று நினைக்காதீர்கள். 'பட்டிமண்டபம்' என்ற சொல் சிலப்பதிகாரத்திலும் மணிமேகலையிலும் இருக்கிறது. மகத நாட்டு அரசன் கரிகால் சோழனுக்கு ஒரு பட்டிமண்டபத்தைக் கொடுத்தான் என்று சிலப்பதிகாரம் சொல்கிறது. அறிஞர்கள் கூடி வாதம் செய்யும் இடத்துக்கு அந்தப் பெயர்.

நம் காலத்தில் காரைக்குடியில் சா. கணேசன் 1939-இல் கம்பன் கழகத்தைத் தொடங்கினார். அதுபோன்ற இலக்கிய மேடைகளில்தான் பட்டிமன்றம் வளர்ந்தது. குன்றக்குடி அடிகளார் அதை ஊர் ஊராகக் கொண்டு சென்றார். அப்போதெல்லாம் 'கற்பில் சிறந்தவள் கண்ணகியா, மாதவியா?' என்பது போன்ற இலக்கியத் தலைப்புகள்தான் அதிகம். கேட்பவர்களுக்குக் கொஞ்சமாவது இலக்கியம் தெரிந்திருக்க வேண்டும்.

பாப்பையா என்ன செய்தார் தெரியுமா? அந்த மேடையில் வீட்டுச் சமையலறையைக் கொண்டுவந்து வைத்தார். கணவன் மனைவி சண்டை, மாமியார் மருமகள், அந்தக் காலம் இந்தக் காலம், பிள்ளைகள் படிப்பு என்று எல்லாருக்கும் தெரிந்த விஷயங்களைத் தலைப்பாக்கினார். எழுதப் படிக்கத் தெரியாத பாட்டியும் உட்கார்ந்து கேட்டார். கேட்டுக்கொண்டே இருக்கும்போது நடுவில் ஒரு திருக்குறள் வரும். ஒரு சங்கப் பாட்டின் கதை வரும். சர்க்கரைக்குள் மருந்து வைத்துக் கொடுப்பது போல!

நடுவரின் வேலை

பட்டிமன்றத்தில் இரண்டு அணிகள். இந்தப் பக்கம் இரண்டு மூன்று பேர், அந்தப் பக்கம் இரண்டு மூன்று பேர். நடுவில் நடுவர். ராஜா, பாரதி பாஸ்கர் போன்ற நல்ல பேச்சாளர்கள் அவருடைய மேடையில்தான் நமக்குப் பழக்கமானார்கள்.

நடுவர் சும்மா உட்கார்ந்திருக்கிறார் என்று நினைப்போம். அவர் வேலைதான் ரொம்பக் கஷ்டம். ஒருவர் பேசுவதை ஒரு வார்த்தை விடாமல் கேட்க வேண்டும். பேசி முடித்ததும், அதிலிருந்தே ஒரு விஷயத்தைப் பிடித்து நாலு வார்த்தை சொல்ல வேண்டும். தோற்கிற அணியின் மனமும் நோகக் கூடாது. கடைசியில், ஏன் இந்தத் தீர்ப்பு என்று எல்லாரும் ஒத்துக்கொள்ளும்படி காரணம் சொல்ல வேண்டும். இதற்கு வாயைவிடக் காதுதான் முக்கியம்.

பாப்பையா தான் சொன்ன நகைச்சுவைக்குத் தானே விழுந்து விழுந்து சிரிப்பார். பேச்சாளர் நன்றாகப் பேசினால் சின்னப் பையன் மாதிரி ரசிப்பார். மேடைக்காகத் தன் பேச்சை மாற்றிக்கொள்ள மாட்டார். மதுரைப் பக்கத்தில் வீட்டுத் திண்ணையில் எப்படிப் பேசுவார்களோ, அப்படியே பேசுவார். எம்.ஏ. படித்தவர், புறநானூற்றுக்கும் அகநானூற்றுக்கும் திருக்குறளுக்கும் உரை எழுதியவர். அவருக்குச் செந்தமிழ் வராதா? வரும். ஆனால், எதிரில் இருப்பவர் யார் என்று பார்த்துத்தான் அவர் பேசினார்.

சன் டிவியில் காலை நேரத்தில் தினம் ஒரு திருக்குறளுக்கு விளக்கம் சொல்லிவந்தார். பள்ளிக்குக் கிளம்பும் அவசரத்தில், ஒரு காலில் ஷூவும் மறு காலில் சாக்ஸுமாக அதைக் கேட்ட பிள்ளைகள் பலர். இன்று அவர்கள் உங்களுக்கு அப்பா, அம்மா!

நான் செய்த தப்பு

இப்போது என் கதைக்கு வருகிறேன்.

நீலகிரியில், கோத்தகிரிப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தை ஒட்டிய சின்னப் பள்ளியில் அப்போது வேலை பார்த்தேன். 2000-ஆம் ஆண்டை ஒட்டிய காலம். 1964-இல் இந்தியாவும் இலங்கையும் செய்துகொண்ட சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்தின்படி, இலங்கைத் தோட்டங்களிலிருந்து ஏராளமான தமிழ்க் குடும்பங்கள் இங்கே வந்தன. அவர்களுக்கு வேலை கொடுக்க அரசே நீலகிரியில் தேயிலை பயிரிட்டது. என் வகுப்புப் பிள்ளைகளில் பாதிப்பேர் அந்தக் குடும்பங்களின் பேரப்பிள்ளைகள்.

ஐந்தாம் வகுப்பில் ஒரு சிறுமி இருந்தாள். மதியச் சாப்பாட்டு நேரத்தில் சில்வர் ஓக் மரத்தடியில் உட்கார்ந்து கதை சொல்வாள் பாருங்கள்! கரடி வந்த கதை, பாட்டி கப்பலில் வந்த கதை. பிள்ளைகள் சோற்றை வாயில் வைத்துக்கொண்டு மெல்ல மறந்து கேட்பார்கள்.

'இவளைப் பேச்சுப் போட்டிக்கு அனுப்பினால் பரிசு நிச்சயம்' என்று முடிவு செய்தேன். பாரதியாரைப் பற்றி நானே இரண்டு பக்கம் எழுதிக் கொடுத்தேன். எல்லாம் அடுக்குமொழி. மனப்பாடம் செய்யச் சொன்னேன். நடுநடுவே அவள் தன் பேச்சில் ஏதாவது சொன்னால் நிறுத்திவிடுவேன்.

"புரிந்தது என்று சொல். 'விளங்குச்சு' என்று சொல்லாதே. 'கதைக்கிறது' என்றெல்லாம் மேடையில் பேசக் கூடாது. நல்ல தமிழில் பேசு!" என்றேன்.

மற்ற பிள்ளைகள் சிரித்தார்கள். நான் அவர்களை அதட்டவில்லை. நானும் லேசாகச் சிரித்தேன். அதுதான் தப்பிலும் பெரிய தப்பு.

போட்டி நாளில் அவள் மேடை ஏறினாள். நான்கு வரி சொன்னாள். ஐந்தாவது வரி மறந்துவிட்டது. சொந்தமாக ஏதாவது சொல்லிச் சமாளித்திருக்கலாம். ஆனால், சொந்தப் பேச்சு தப்பு என்று சொல்லிவிட்டேனே நான்! கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். பிறகு இறங்கிவிட்டாள்.

மறுநாளிலிருந்து மரத்தடியில் கதை இல்லை.

லைன் வீட்டில் ஒரு பொங்கல்

அந்தப் பொங்கலுக்கு ஒரு பெற்றோர் வீட்டுக்குக் கூப்பிட்டார்கள். லைன் வீடு. அப்போது எல்லா வீட்டிலும் டிவி கிடையாது. அரசு இலவச வண்ணத் தொலைக்காட்சி கொடுக்கத் தொடங்கியது 2006-இல்தான். அந்த வரிசையில் ஒரே ஒரு வீட்டில் டிவி. அதன் முன்னால் இருபது பேர். வாசற்படியிலும் ஆட்கள். வெளியே பனி கொட்டுகிறது. உள்ளே ஒரே சிரிப்பு.

பாப்பையாவின் பட்டிமன்றம்!

என் மாணவியும் அங்கே இருந்தாள், பாட்டியின் மடியில் சாய்ந்துகொண்டு. பாட்டி டிவியைக் காட்டி என்னிடம் சொன்னார்:

"இவரு பெரிய காலேஜி வாத்தியாராமே சார்? நம்மள மாதிரியே கதைக்கிறாரு. எல்லாம் விளங்குது!"

அந்தச் சிறுமி என்னை ஒரு பார்வை பார்த்தாள். கோபமாகப் பார்க்கவில்லை. 'நீங்கள் என்ன சொல்லப் போகிறீர்கள்?' என்று கேட்கிற பார்வை. எனக்கு முகம் சிவந்துவிட்டது. கையில் இருந்த டீயைக் குடிப்பது போலத் தலையைக் குனிந்துகொண்டேன்.

கல்லூரிப் பேராசிரியர், தன் ஊர்ப் பேச்சை உலகம் முழுக்கக் கேட்கும்படி பேசுகிறார். பத்து வயதுப் பிள்ளையின் ஊர்ப் பேச்சுக்கு நான் பூட்டுப் போட்டுவிட்டேன்!

எங்கள் வகுப்பறைப் பட்டிமன்றம்

விடுமுறை முடிந்து பள்ளி திறந்தது. நாற்காலிகளைத் திருப்பிப் போட்டேன். "இன்று பாடம் இல்லை, பட்டிமன்றம்!" என்றேன். தலைப்பு: 'தேயிலைக்கு நல்லது மழையா, வெயிலா?'

"ஒரே ஒரு விதி. வீட்டில் எப்படிப் பேசுவீர்களோ அப்படித்தான் பேச வேண்டும். யாராவது சிரித்தால் அவர்கள் அணிக்கு ஒரு மதிப்பெண் குறையும்" என்று சொல்லிவிட்டு நடுவர் நாற்காலியில் உட்கார்ந்தேன்.

முதலில் பையன்கள் பேசினார்கள். மழை பெய்தால் கொழுந்து நிறைய வரும் என்றான் ஒருவன். வெயில் இல்லாவிட்டால் செடி தழைக்காது என்றான் இன்னொருவன். டிசம்பர், ஜனவரியில் உறைபனி விழுந்து கொழுந்து கருகிவிடுவதைச் சொன்னான் மூன்றாவது பையன். நன்றாகத்தான் பேசினார்கள்.

அவள் கடைசியில் எழுந்தாள். மெல்லத்தான் ஆரம்பித்தாள்.

"மழ வந்தா கொழுந்து வரும்னு எல்லாரும் சொல்றீங்க. கொழுந்து வருது சரி. எங்கம்மா இடுப்புல கட்டுற படங்கு நனைஞ்சி போயிருது. அதோடயே நிக்கணும். வீட்டுக்கு வந்தா காலெல்லாம் அட்ட கடிச்ச ரத்தம். தேயிலைக்கு எது நல்லதுன்னு கேட்டீங்க சார். கொழுந்து எடுக்குற ஆளுக்கு எது நல்லதுன்னு கேக்கலியே?"

வகுப்பில் ஒரு சத்தம் இல்லை.

'படங்கு' என்றால் எனக்குத் தெரியவில்லை. கேட்டேன். கொழுந்து பறிக்கும்போது செடி கிழிக்காமல் இருக்க இடுப்பைச் சுற்றிக் கட்டிக்கொள்ளும் கனத்த துணி என்று விளக்கினாள். அன்று அவள் ஆசிரியர், நான் மாணவன். கரும்பலகையில் அந்தச் சொல்லைப் பெரிதாக எழுதி வைத்தேன்.

பிறகு எல்லார் முன்னாலும் அவளிடம், "அன்றைக்கு உன் பேச்சைத் தப்பு என்று சொன்னது என் தப்பும்மா" என்றேன். அவள் ஒன்றும் சொல்லவில்லை. மதியம் மரத்தடியில் மறுபடியும் கதைச் சத்தம் கேட்டது. அது போதும் எனக்கு!

அவள் பெரிய பேச்சாளர் ஆனாளா என்று கேட்பீர்கள். இல்லை. பல ஆண்டுகள் கழித்து ஓர் ஆகஸ்ட் 15-ஆம் தேதி கிராம சபைக் கூட்டத்துக்குப் போயிருந்தேன். ஒரு பெண் கைக்குழந்தையோடு எழுந்து, தங்கள் வரிசைக்குக் குடிநீர்க் குழாய் வராததைப் பற்றிக் கேட்டார். அடுக்குமொழி எதுவும் இல்லை. தேதி, கணக்கு எல்லாம் சரியாக இருந்தது. அதிகாரிகள் குறித்துக்கொண்டார்கள். அந்தப் பெண் யார் என்று நான் சொல்ல வேண்டுமா?

வேடம் போட்டபோது...

பாப்பையா சினிமாவிலும் நடித்தார். 2007-இல் ரஜினிகாந்த் நடித்து, ஷங்கர் இயக்கிய 'சிவாஜி' படத்தில் பக்கத்து வீட்டுக்காரராக வந்தார். அப்போது அவருக்கு வயது 71. படத்தில் அவருடைய மகள்களின் பெயர் அங்கவை, சங்கவை. கடையேழு வள்ளல்களில் ஒருவரான பாரியின் மகள்களுக்கு வழங்கும் பெயர்கள் அவை. அந்தப் பெண்களின் கறுப்பு நிறத்தை வைத்துச் சிரிக்க வைத்திருந்தார்கள். அந்த நகைச்சுவை பலருக்குப் பிடிக்கவில்லை. எனக்கும்தான். நிறத்தைச் சொல்லி யாரையும் சிரிக்கக் கூடாது, குழந்தைகளே. பேச்சைச் சொல்லியும்தான்!

அதே மனிதர்தான் புறநானூற்றுக்கு உரை எழுதினார். தந்தையை இழந்த பாரியின் மகள்கள் பாடிய பாட்டு அந்தப் புறநானூற்றில்தான் இருக்கிறது. 112-ஆம் பாட்டு. பெரியவர்களானதும் படித்துப் பாருங்கள், கண் கலங்கும். எனக்கு சினிமாவில் வந்த பக்கத்து வீட்டுக்காரரைவிட, உரை எழுதிய வாத்தியாரைத்தான் பிடிக்கிறது. அங்கேதான் அவர் அவராக இருக்கிறார்.

தன்னைப் போலவே டிவியில் வந்து உலகத்துக்குப் பாடம் சொன்னவர்கள் வேறு நாடுகளிலும் உண்டு. இங்கிலாந்தில் 1926-இல் பிறந்த டேவிட் அட்டன்பரோ, காட்டிலும் கடலிலும் நின்றுகொண்டு விலங்குகளைப் பற்றிச் சொன்னார். நம் நாட்டில் பேராசிரியர் யஷ்பால், தூர்தர்ஷனின் 'டர்னிங் பாயிண்ட்' நிகழ்ச்சியில் அறிவியல் கேள்விகளுக்குச் சிரித்த முகத்தோடு பதில் சொன்னார். இவர்கள் யாரும் முகத்தை வைத்துப் பிழைக்கவில்லை. படித்த படிப்பும், அதைச் சொல்லும் ஆசையும்தான் இவர்களை நம் வீட்டுக்குள் கொண்டுவந்தன.

திரும்பிப் போன பாதை

தமிழக அரசு பாப்பையாவுக்குக் கலைமாமணி விருது கொடுத்தது. 2021-இல் இந்திய அரசு பத்மஸ்ரீ விருது கொடுத்தது.

எனக்கு அதைவிடப் பிடித்தது இன்னொரு செய்தி. 2023-இல் அவர், தான் படித்த மதுரை மாநகராட்சிப் பள்ளியின் மேம்பாட்டுக்காக 20 லட்சம் ரூபாய் கொடுத்தார். வெள்ளிவீதியார் பள்ளி அது. வெள்ளிவீதியார் யார் தெரியுமா? சங்க காலத்துப் பெண் புலவர்! ஏழைப் பிள்ளையாக நுழைந்த பள்ளிக்கு, பெரியவராகத் திரும்பிப் போய் நன்றி சொல்லியிருக்கிறார்.

'நான் நானாகவே இருப்பேன்' என்று சொல்வது சுலபம், குழந்தைகளே. அதற்கு நமக்குள்ளே ஏதாவது இருக்க வேண்டும் அல்லவா? வெறும் குடம் எத்தனை நேரம் சாய்த்தாலும் தண்ணீர் வராது. பாப்பையா ஐம்பது வயதுக்கும் மேலாகக் குடத்தை நிரப்பினார். அதனால்தான் சாய்த்ததும் கொட்டியது. நீங்களும் நிறையப் படியுங்கள். நிறையக் கேளுங்கள். பிறகு உங்கள் சொந்த வாயால் பேசுங்கள். பாட்டி பேசும் பேச்சைக் கேவலமாக நினைக்காதீர்கள். பரீட்சையில் எழுதும் தமிழ் ஒரு கை. வீட்டில் பேசும் தமிழ் இன்னொரு கை. இரண்டு கையும் இருந்தால்தான் கொழுந்து பறிக்க முடியும்!

நீங்களும் நடத்துங்கள்!

* வகுப்பில் ஏழு பேரைத் தேர்ந்தெடுங்கள். மூன்று பேர் ஓர் அணி, மூன்று பேர் எதிரணி. ஒருவர் நடுவர்.

* உங்கள் ஊருக்குப் பொருத்தமான தலைப்பை எடுங்கள். கடற்கரை ஊர் என்றால் 'கட்டுமரமா, விசைப்படகா?' மலை ஊர் என்றால் 'கேரட்டா, தேயிலையா?'

* ஒருவருக்கு மூன்று நிமிடம். எழுதி வைத்துப் படிக்கக் கூடாது. குறிப்பு மட்டும் வைத்துக்கொள்ளலாம்.

* பேசுபவரின் உச்சரிப்பையோ ஊர்ப் பேச்சையோ கிண்டல் செய்யக் கூடாது. புதிய சொல் வந்தால் அர்த்தம் கேட்டுக் கரும்பலகையில் எழுதுங்கள்.

* தீர்ப்பு சொல்லும் நடுவர், தோற்ற அணி சொன்னதில் ஒரு நல்ல கருத்தையாவது பாராட்ட வேண்டும்.

நான் நடுவராக இருந்த அன்று என்ன தீர்ப்பு சொன்னேன் என்று கேட்கிறீர்களா? மழையும் ஜெயிக்கவில்லை, வெயிலும் ஜெயிக்கவில்லை. நனைந்த படங்கோடு நின்ற அம்மாவுக்குத்தான் தீர்ப்பு!

- ஓய்வு பெற்ற ஆசிரியர், நீலகிரி.